கார்டிஃப், ஜாக் (1914–2009)

ஆங்கிலேய ஒளிப்பதிவாளர், வர்ணப்படக் கலையின் முன்னோடிகளுள் ஒருவர். இசை நாடகக் கொட்டகைகளில் ஆடிப்பாடி ஜீவனம் நடத்திய பெற்றோர்க்கு, இங்கிலாந்தின் கிழக்குக் கரையிலுள்ள கிரேட் யார்மத்தில் 1914 செப்டம்பர் 18ஆம் நாள் பிறந்தார். ஊர் ஊராகச் சென்ற பெற்றோருடன் திரிந்தமையால் ஒழுங்கான பள்ளிப் படிப்பு வாய்க்காத இவர், குழந்தைப் பருவத்திலேயே மௌனப் படங்களில் தோன்றி, பின்னர் ஸ்டுடியோவில் எடுபிடியாகச் சேர்ந்து, காமிரா இயக்குபவராக உயர்ந்தார்.

1936இல் வர்ணப்பட முறையை உருவாக்கிய டெக்னிகலர் கம்பெனியார் பயிற்சிக்கு ஆள் தேர்ந்தபோது, இயந்திர நுணுக்கங்களைப் பற்றிய வினாக்களுக்குத் தமக்கு விடை தெரியாதென்று ஒப்புக்கொண்டு, ரெம்பிராண்ட் முதலிய ஓவியர்கள் ஒளியைக் கையாண்ட முறையை விவரித்த கார்டிஃபே தேர்வு பெற்றார். பிரிட்டனின் முதல் டெக்னிகலர் கதைப்படமான 'விங்ஸ் ஆஃப் தி மார்னிங்' (1937) படத்தில் காமிராவை இயக்கினார். பின்பு இந்தியா உள்ளிட்ட நாடுகளுக்குச் சென்று வர்ணப் பிரயாணப் படங்களை எடுத்தார். லென்ஸின் வழியே புகும் ஒளியைப் பட்டகத்தால் பிரித்து மூன்று பிலிம் சுருள்களில் ஏககாலத்தில் பதித்த டெக்னிகலர் காமிராவுக்கு அபரிமிதமான வெளிச்சம் தேவைப்பட்டது. ஆதலின், எங்கும் ஒரே சீராக விளக்கெரிப்பதே பத்திரமானதென்று நிபுணர்கள் கருதியிருந்த காலத்தில், வர்ணத்துக்கு நிழலைத் துணையாக்கியதே இவருடைய தனிச்சிறப்பு.

இத்திறமையைக் கண்டுகொண்டவர் டைரக்டர் மைக்கேல் பவல். பவலும் அவருடைய கூட்டாளியான பிரெஸ்பர்கரும் படைத்த 'எ மேட்டர் ஆஃப் லைஃப் அண்ட் டெத்' (1946) படத்தில், கடற்கரைக் காட்சி மூடுபனியிலிருந்து விலகித் தெளிவதுபோல் தொடங்கவேண்டுமென்று பவல் விரும்பவே, கார்டிஃப் லென்ஸின்மேல் தம் மூச்சை ஊதி, அந்த ஆவி கலையும்வரை காமிராவை ஓடவிட்டார். இமயமலைச் சாரலிலுள்ள கன்னிமாடத்தைப் பற்றிய 'பிளாக் நார்சிசஸ்' (1947) பெரும்பாலும் பைன்வுட் ஸ்டுடியோவிலேயே எடுக்கப்பட்டது. தீட்டப்பட்ட மலைகளின் முன்னே, டச்சு ஓவியர் வெர்மியரின் சித்திரங்களை நினைவூட்டும் ஒளியமைத்து இமயத்தையே கண்முன் நிறுத்திய அப்படம் இவருக்கு ஆஸ்கார் பரிசைத் தந்தது. 'தி ரெட் ஷூஸ்' (1948), ஆப்பிரிக்கக் காடுகளில் குழுவினர் பலரும் நோயுற்று வருந்தியபடி எடுத்த 'தி ஆஃப்ரிகன் குவீன்' (1951), 'வார் அண்ட் பீஸ்' (1956) ஆகியவை இவர் ஒளிப்பதிவு செய்த பிற பிரசித்தமான படங்கள்.

பிற்பாடு டைரக்டராகவும் விளங்கினார். வர்ணத்தில் புகழ் பெற்ற இவர் டைரக்டராகப் பெரும்பேர் வாங்கியது 'சன்ஸ் அண்ட் லவர்ஸ்' (1960) என்ற கறுப்பு-வெள்ளைப் படத்தினால் என்பது விசித்திரமே. அதற்காக இவர் ஆஸ்கார் பரிசுக்கு முன்மொழியப்பட, அப்படத்தின் ஒளிப்பதிவாளர் ஃப்ரெடி ஃப்ரான்சிஸ் அப்பரிசைப் பெற்றார். எழுபதுகளில் மீண்டும் காமிராவுக்கே திரும்பி, 'டெத் ஆன் தி நைல்' (1978), 'ராம்போ' வரிசையின் இரண்டாம் படம் (1985) ஆகியவற்றையும், ராஜஸ்தானத்தில் எடுக்கப்பட்ட 'தி ஃபார் பெவிலியன்ஸ்' (1984) என்னும் தொலைக்காட்சித் தொடரையும் ஒளிப்பதிவு செய்தார்.

2001இல் இவருக்குக் கௌரவ ஆஸ்கார் வழங்கப்பட்டது. வாழ்நாள் பணிக்காக ஒளிப்பதிவாளர் ஒருவர் அதனைப் பெற்றது அதுவே முதன்முறை. 2009 ஏப்ரல் 22ஆம் நாள், தமது 94ஆம் வயதில் காலமானார்.