ஏடும் திரையும் – 9: சித்தாள் தங்கம்

'உன்னைப்போல் ஒருவன்' படத்துக்குக் குடியரசுத் தலைவரின் தகுதிச் சான்றிதழ் கிடைத்த வைபவத்தை இவ்வாரம் விவரிப்பதாகச் சொல்லியிருந்தேன். ஆனால் ஜெயகாந்தனின் வெற்றிக்கு முன், அவர் படைத்த தங்கத்துக்குச் செய்யவேண்டிய மரியாதை ஒன்று இருக்கிறது.

சேலத்தினின்று பிரிந்து நம் தருமபுரி தனி மாவட்டமாக உதயமான அதே 1965-ஆம் ஆண்டில் வெளிவந்த அப்படத்தின் நாயகி, அரண்மனைவாசியுமல்ல, ஜமீன்தார் மகளுமல்ல. சேரிக் குடிசையில் சிட்டி என்ற மகனோடு தனித்து வாழ்ந்து, கட்டட வேலைக்குப் போய்க் கஞ்சி குடிக்கும் ஒரு சித்தாள். கிளி ஜோசியன் மாணிக்கத்திடம் அவளுக்குண்டாகும் பிரியத்தைச் சிட்டியால் சகிக்க முடியவில்லை. மாணிக்கம் விலகிப் போய்விட, தங்கம் ஒரு பெண் மகவைப் பெற்று, மகனிடம் ஒப்படைத்துவிட்டுக் கண்மூடுகிறாள். பெற்றவளை வெறுத்து நின்ற பிள்ளை, அந்தப் பச்சைச் சிசுவைத் தன் தங்கையென்று ஏற்கிறான். தங்கமாகவே வாழ்ந்துகாட்டிய காந்திமதிக்கு ஈடாக அக்காலத்து அலங்கார நாயகியர் எவரையும் நான் சொல்லமாட்டேன்.

அச்சிலே புகழ் பெற்றுவிட்ட தம் கதையை ஜெயகாந்தன் சிரமப்பட்டுப் படமாக்கியது எதற்கு? இதே கேள்விக்கு ஆப்பிரிக்காவில் விடை கண்டவர் செம்பேன் உஸ்மான். செனகால் நாட்டு மீனவரின் மகனாக 1923-இல் பிறந்து, மார்சேல் துறைமுகத்தில் மூட்டை சுமந்து, 1947-இல் தொடங்கிய ரயில் தொழிலாளர் வேலைநிறுத்தத்தை 1960-இல் மகத்தான நாவலாக்கிய அவர், பிரெஞ்சு மொழியில் தாம் எழுதியதைத் தம் ஜனங்களால் வாசிக்க இயலாதென்று உணர்ந்து, நாற்பதை நெருங்கும் பிராயத்தில் மாஸ்கோ சென்று சினிமா பயின்றார். 1963-இல் அவர் எடுத்த குறும்படத்தில், பணக்காரர் பகுதிக்குள் வண்டியோட்டி வந்த ஏழையின் யுத்தப் பதக்கம் தரையில் விழ, போலீஸ்காரனின் பூட்ஸ் அதன்மேல் ஏறுகிறது. சுதந்திரம் யாருக்கு வந்தது என்பதை விளக்க வேறு வசனம் வேண்டியதில்லை. 1968-இல் 'மந்தாபி' படத்தை வொலோஃப் மொழியிலேயே எடுத்து, மக்களை அவர்களுடைய பேச்சாலேயே எட்டினார்.

ஐந்தாம் வகுப்போடு பள்ளியை விட்டுக் கம்யூனிஸ்ட் கட்சி அலுவலகத்தில் வளர்ந்த ஜெயகாந்தனும் அதே உழைக்கும் வர்க்கத்தின் பிள்ளையே. அவருடைய படத்தை ஆதரிக்காமல் கைவிட்ட வியாபாரிகளே, என் அபிப்பிராயத்தில், இந்தச் சரித்திரத்தின் வில்லன்கள். பென்னாகரத்திலும் அரூரிலும் பஸ் ஏறிப் பெங்களூருக்குக் கல் சுமக்கப் போகும் நம் சித்தாள்களை எண்ணிப் பாருங்கள்; 2011-இல்கூட எழுத்தறிவில் மாநிலத்தின் கடைசி ஸ்தானத்தில் நின்ற மாவட்டம் இது. புத்தகத்தைக் கையிலெடுக்க இயலாத அவர்களுக்குரிய கலையைக் கொட்டகைக்கு வரவொட்டாமல் தடுப்பது, பொருளைத் திருடுவதைவிடப் பெரிய பாதகம்.

சான்றிதழ் வைபவமும் 'யாருக்காக அழுதான்' பிறந்த வரலாறும் அடுத்த இதழில்.

(தொடரும்)