ஈக்காட்டுத்தாங்கல்: அடையாற்றங்கரை ஊர் ஒன்றின் நிலமும் வரலாறும்

வரலாறு என்றவுடன் நம் மாணவர் மனத்தில் தோன்றுவன மன்னர் பெயர்களும் போர் நடந்த ஆண்டுகளுமே ஆகும். ஏறத்தாழ முப்பது ஆண்டுகளாக வகுப்பறையில் நின்று வரலாறும் புவியியலும் கற்பித்து வருபவன் என்ற முறையில் இதனைக் கூறுகின்றேன். பானிப்பட்டுப் போர்கள் மூன்றின் ஆண்டுகளையும் பிழையின்றி ஒப்பிக்கும் மாணவன், தன் வீட்டுக்குப் பின்னால் ஓடும் ஆறு எங்கே பிறக்கின்றது என்று கேட்டால் விழிக்கின்றான். நம் கல்விச் சங்கத்தின் வெள்ளி விழா மலருக்குக் கட்டுரை வேண்டுமெனச் சங்கத்தார் பணித்தபோது, நம் இளைஞர்கள் காலடியில் கிடக்கும் ஊரைப் பற்றியே எழுதுவதெனத் துணிந்தேன்.

ஊர் கிடக்கும் இடம்

ஈக்காட்டுத்தாங்கல் அடையாற்றின் தென்கரையில் அமைந்த ஊர். ஆற்றுக்கு வடபால் ஜாபர்கான்பேட்டையும் அசோக் நகரும் உள்ளன. தெற்கே கத்திப்பாரா, தென்மேற்கே நந்தம்பாக்கமும் பரங்கிமலையும், கிழக்கே கிண்டித் தொழிற்பேட்டை. பரங்கிமலையும் அதற்கப்பாலுள்ள பல்லாவரத்துக் குன்றுகளும் மிகப் பழமையான கருங்கல்லால் ஆனவை. நிலவியலார் 'சார்னோக்கைட்டு' என்றழைக்கும் கல்வகைக்கு முதன்முதலில் பெயர் சூட்டப்பட்டது இப்பகுதிக் கல்லைக் கொண்டே. 1863-ஆம் ஆண்டு இராபர்ட் புரூஸ் பூட் என்னும் நிலவியலறிஞர் பல்லாவரத்தில் பழைய கற்காலக் கருவி ஒன்றைக் கண்டெடுத்தார். இந்தியாவில் கற்கால மனிதன் வாழ்ந்தான் என்பதற்கு முதற்சான்றாக அமைந்த அக்கல், நம் ஊரிலிருந்து சில கல் தொலைவில் கிடைத்ததாகும்.

அடையாறு பெரிய ஆறன்று. காவிரி, பாலாறு போல மலையில் பிறந்து வருவதுமன்று. மணிமங்கலம், ஆதனூர்ப் பக்கத்து ஏரிகள் நிரம்பி வழியும் மிகுநீரே அதன் தொடக்கம். செம்பரம்பாக்கம் ஏரியின் உபரிநீர் திருநீர்மலைக்கு அருகில் வந்து அதனோடு கலக்கின்றது. ஏறத்தாழ 42 கிலோமீட்டர் ஓடி, சைதாப்பேட்டையைக் கடந்து, பட்டினப்பாக்கத்துக்குத் தெற்கே கடலை அடைகின்றது. ஏரிகளின் மிச்சத்தால் பிறந்த ஆறு என்பதை நினைவிற் கொள்ளுதல் வேண்டும். ஏரிகள் நலமாயிருந்தால் ஆறு அடக்கமாயிருக்கும். ஏரிகள் கெட்டால் கோடையில் வறண்டும் கார்த்திகையில் பெருகியும் தன் போக்கில் நடக்கும்.

தாங்கல் என்பது நீரைத் தாங்கி நிற்கும் சிறு ஏரி. வேடந்தாங்கல், பழவந்தாங்கல் என்பனவும் அவ்வகைப் பெயர்களே. செங்கற்பட்டு மாவட்டத்தை ஏரி மாவட்டம் என்பர். ஓர் ஏரியின் கலங்கல் வழிந்தால் அந்நீர் கால்வாய் வழியே அடுத்த ஏரிக்குச் செல்லும். அது நிரம்பினால் அதற்கடுத்த தாங்கலுக்குச் செல்லும். எல்லாம் நிரம்பிய பின் எஞ்சியதே ஆற்றுக்கு. இந்த ஒழுங்கை நம் முன்னோர் பள்ளியிற் கற்றவரல்லர். மண்வெட்டி பிடித்த கையால் அறிந்தனர். இன்று தாங்கலைத் தேடி வருவோர் அதனைப் பேருந்து நிறுத்தத்தின் பலகையிலும் மெட்ரோ நிலையத்தின் பெயரிலுமே காண்பர். அப்பலகைகளிலும் ஈக்காடுதாங்கல், ஈக்கட்டுத்தாங்கல் என எழுதுவோர் தத்தம் விருப்பம் போல் எழுதுகின்றனர்!

ஊரும் சேரியும்

தொண்டைமண்டலத்தின் இருபத்து நான்கு கோட்டங்களுள் இன்றைய தென்சென்னைப் பகுதி புலியூர்க் கோட்டத்தைச் சேர்ந்தது. அக்காலத்தில் சேரி என்னும் சொல் இழிவைக் குறித்ததன்று. ஒரு கூட்டத்தார் சேர்ந்து வாழும் குடியிருப்பு என்பதே அதன் பொருள். பார்ப்பனச்சேரி என்றும் வழங்கினர். இராசராசன் காலத்துத் தஞ்சைக் கல்வெட்டுகளில், வரி நீக்கப்பட்ட நிலங்களின் வரிசையில் ஊர்நத்தம், கம்மாணச்சேரி, பறைச்சேரி, சுடுகாடு என்பன தனித்தனியே கூறப்படுகின்றன. ஆயிரம் ஆண்டுகளுக்கு முன்பே நம்மவர் குடியிருப்புத் தனியாகப் பிரித்து வைக்கப்பட்டிருந்தது என்பதற்கு அதுவே சான்று. சொல் எல்லோர்க்கும் பொதுவாயிருந்தது. பிறகு மற்றவர் அதனைக் கைவிட்டுச் செல்ல, நம்மிடம் மட்டும் எஞ்சியது.

செங்கற்பட்டுப் பகுதி ஊர்களின் அமைப்பைக் கண்டவர் ஒன்றை அறிவர். மேட்டில் ஊர், ஏரிக்குக் கீழே நன்செய், நன்செயைக் கடந்து, பெரும்பாலும் பள்ளத்திலோ ஓடைக்கு அருகிலோ சேரி. மழைக்காலத்தில் நீர் முதலில் நுழைவதும் கடைசியில் வடிவதும் அவ்விடத்திலேயே. இதனை இயற்கை செய்ததென்று கூறுதல் பொருந்தாது. மேடும் பள்ளமும் இயற்கை. யார் எங்கே வாழ்வது என்பது மனிதர் செய்தது.

நம் இளைஞர் சிறப்பாக அறிய வேண்டிய செய்தி ஒன்றுண்டு. ஊர்ப் பணியாளருள் தோட்டி, வெட்டியான் என்போர் நம்மவர். மடை திறந்து வயலுக்கு நீர் விடுதல், களத்தைக் காத்தல், ஊர்ச் செய்தியை அறிவித்தல், பிணம் எரித்தல் என அவர்கள் செய்யாத வேலையில்லை. இவற்றுக்கு ஊதியமாகக் களத்தில் மேரை என்னும் சிறு பங்கு கிடைத்தது. இவற்றோடு மற்றொரு பொறுப்பும் அவர்களிடம் இருந்தது. இரண்டு ஊர்களுக்கிடையே எல்லை வழக்கு எழுந்தால், எல்லை இன்னதென்று காட்ட அழைக்கப்பட்டவர் வெட்டியானே. தலையில் குடம் சுமந்து எல்லை வழியே அவர் நடந்து செல்ல, அவர் நடந்த தடமே எல்லையென இருதரத்தாரும் ஒப்புக்கொண்டனர். 1874-இல் வால்ஹவுஸ் என்னும் ஆங்கிலேய அதிகாரி இவ்வழக்கத்தை எழுதி வைத்துள்ளார். பின்னர்த் தர்ஸ்டன் தொகுத்த நூலிலும் இது இடம்பெற்றது. ஊரின் எல்லையைக் கல்லுக்குக் கல் அறிந்தவர் நம்மவர். அந்த எல்லைக்குள் ஒரு சாண் நிலத்துக்கும் உரிமையற்றவரும் நம்மவரே.

கும்பெனியார் காலம்

1763-இல் ஆர்க்காட்டு நவாபு முகம்மது அலி இப்பகுதியைக் கும்பெனியாருக்கு ஜாகீராக அளித்தார். நம் ஊர் ஓரத்தில் நடந்த போர்களைப் பாடநூல்கள் விரிவாகக் கூறும். 1746-இல் அடையாற்றுக் கழிமுகத்தில் நவாபின் படையைப் பிரெஞ்சுக்காரர் வென்றதும், 1759-இல் பரங்கிமலையில் நடந்த சண்டையும், 1769-இல் ஐதர் அலியின் குதிரைப் படை பரங்கிமலை வரை வந்து உடன்படிக்கை பெற்றதும் அவற்றுட் சில. யார் வென்றாலும் வயலில் நின்றவர் நிலை மாறவில்லை. ஆதலின் அவற்றை இவ்வளவில் நிறுத்துகின்றேன்.

1767 முதல் 1774 வரை தாமஸ் பர்னார்டு என்னும் பொறியாளர் ஜாகீரின் ஊர்களை ஊர்தோறும் அளந்தார். வீடுகள், நிலம், ஏரி, விளைச்சல், பணியாளர் பெறும் பங்கு அனைத்தும் கணக்கிற் பதிவாயின. 1794 முதல் 1798 வரை ஆட்சித் தலைவராயிருந்த லயனல் பிளேசும், பின்னர் எல்லீசும் 'மிராசு' என்னும் உரிமையைப் பற்றி மிகுதியாக எழுதினர். மிராசுதாரர் என்பவர் ஊர் நிலத்தில் பரம்பரைப் பங்குடையவர். அவர் பங்கில் வயல் மட்டுமன்று. தரிசும் மனைக்கட்டும் அடங்கும். தரிசு நிலத்தைப் பண்படுத்தித் தருமாறு நம்மவர் அரசிடம் விண்ணப்பித்தால், முதலில் மிராசுதாரரைக் கேட்பர். தமக்கு வேண்டும் என்று அவர் ஒரு சொல் சொன்னால் விண்ணப்பம் தள்ளுபடி. நம்மவர் குடியிருந்த குடிசையின் அடிமண்ணும் அவருடையதே. கூலி போதாதென்று வாய் திறந்தவன் மறுநாள் வீட்டை இழப்பான். 1843-இல் சட்டம் அடிமை முறையை ஏற்க மறுத்த பின்னும் அது நடைமுறையில் நீடித்ததன் சூட்சுமம் இதுவேயாகும்.

இதனை உள்ளவாறு எழுதியவர் செங்கற்பட்டு ஆட்சித் தலைவராயிருந்த டிரெமென்ஹீர். 1891-இல் அவர் அரசுக்கு அளித்த அறிக்கையில், பறையர் வறுமைக்குக் காரணம் சோம்பலோ அறியாமையோ அன்று, நிலமும் மனையும் மறுக்கப்பட்டதே எனக் காட்டினார். அதே ஆண்டில் அயோத்திதாசப் பண்டிதர் திராவிட மகாஜன சபையைத் தோற்றுவித்து நிலம் கோரித் தீர்மானம் நிறைவேற்றினார். 1892-இல் அரசாணை பிறந்தது. அதன்வழி அளிக்கப்பட்டனவே பஞ்சமி நிலங்கள். பத்து ஆண்டு வரை விற்கலாகாது. அதன் பின்னும் தாழ்த்தப்பட்டோர்க்கன்றிப் பிறர்க்கு விற்கலாகாது என்பது நிபந்தனை. நிபந்தனை தாளில் இருக்க, நிலங்கள் பலவும் கடனுக்கும் கைநாட்டுக்கும் கை மாறின. 1994 அக்டோபரில் காரணை என்னும் ஊரின் பஞ்சமி நிலத்தை மீட்கக் கேட்டுச் செங்கற்பட்டில் நடந்த போராட்டத்தில் போலீசார் சுட்டு இருவர் உயிர் நீத்தனர். அரசாணை பிறந்து நூறாண்டுகளுக்குப் பின் நடந்த நிகழ்ச்சி அது.

எழுத்தறிவு

ஆறு கடலிற் கலக்கும் இடத்துக்கருகே ஊரூரில் 1894-இல் கர்னல் ஆல்காட் நம் பிள்ளைகளுக்கென இலவசப் பள்ளி தொடங்கினார். நம் ஊரை அடுத்த பரங்கிமலையில் 1883-இல் பிறந்தவர் பெருந்தலைவர் எம்.சி. இராஜா. ஆசிரியராகப் பணி தொடங்கி, சென்னைச் சட்டசபையிலும் பின்னர் இந்தியச் சட்டசபையிலும் நம்மவர் குரலாக நின்றார். அரசு ஏடுகளில் ஆதிதிராவிடர் என்னும் பெயர் 1922-இல் இடம்பெற்றது அவருடைய முயற்சியால். செங்கற்பட்டு மாவட்டமே ஈன்ற இரட்டைமலை சீனிவாசனார், பொதுச் சாலையும் கிணறும் சந்தையும் எல்லார்க்கும் உரியன என்னும் தீர்மானத்தை 1924-இல் கொண்டுவந்தார். தொழிலாளர் துறை நடத்திய பள்ளிகளை நம் முதியோர் 'லேபர் ஸ்கூல்' என்றே சொல்வர். கைநாட்டு மறைந்து கையெழுத்து வந்தது அப்பள்ளிகளால். அத்துறை மனைகளையும் வாங்கித் தந்தது. பள்ளிக்கூடமும் மனைக்கட்டும் ஒரே துறையின் கீழ் இருந்தது தற்செயலன்று என்பது என் எண்ணம்.

வயல் போன வழி

1958-இல் கிண்டித் தொழிற்பேட்டை தோன்றியது. நாட்டின் தொடக்ககாலச் சிறுதொழிற் பேட்டைகளுள் அது ஒன்று. லேத்து இயந்திரமும் அச்சுக்கூடமும் வார்ப்படச் சாலையும் பெருகின. நம்மவர் பலர் மண்வெட்டியை வைத்துவிட்டு அங்கே கூலிக்குச் சென்றனர். நன்மை இல்லையென்று சொல்லேன். ஆயினும் ஒன்றைக் கவனிக்க வேண்டும். நிலம் எடுக்கும்போது இழப்பீடு பட்டாதாரருக்குச் செல்லும். அதே நிலத்தில் மூன்று தலைமுறை உழைத்தவனுக்கு ஏட்டில் பெயரில்லை. ஆகவே இழப்பும் இல்லை, ஈடும் இல்லை. பின்னர் நூறடிச் சாலை வந்தது. 2015 சூன் 29 அன்று மெட்ரோ இரயிலும் வந்தது.

மெட்ரோ வந்த ஐந்தாம் மாதம் ஆறு வந்தது. 2015 டிசம்பர் 1 அன்று தாம்பரத்தில் ஏறத்தாழ 49 செ.மீ. மழை பெய்தது. செம்பரம்பாக்கத்திலிருந்து விநாடிக்கு 29,000 கன அடி நீர் திறக்கப்பட்டது. ஆதனூர், மணிமங்கலம் ஏரிகளின் நீரும் சேர்ந்து வந்தது. ஈக்காட்டுத்தாங்கல், ஜாபர்கான்பேட்டை, சைதாப்பேட்டை ஆகிய இடங்களின் கரையோர வீடுகள் மூழ்கின. 1976, 1985, 2005 ஆகிய ஆண்டுகளிலும் வெள்ளம் கண்ட கரைதான் இது. பள்ளிகள் முகாம்களாயின. வகுப்பறையில் பாய் விரித்தவர்கள் கையில் காப்பாற்றி வந்த பொருள் பெரும்பாலும் ஒரு பிளாஸ்டிக் பை. அதற்குள் குடும்ப அட்டையும் சாதிச் சான்றிதழும் பிள்ளைகளின் மதிப்பெண் பட்டியலும் இருந்தன.

வெள்ளம் வடிந்த பின், அடையாற்றங்கரையில் குடியிருந்தோர் ஆக்கிரமிப்பாளர் எனப்பட்டனர். ஆயிரக்கணக்கான குடும்பங்கள் தெற்கே பெரும்பாக்கம் முதலான இடங்களுக்கு மாற்றப்பட்டன. பெரும்பாக்கம் பள்ளிக்கரணைச் சதுப்பு நிலத்தை அடுத்தது. மழைக்காலத்தில் அங்கும் நீர் நிற்கின்றது. மாம்பலம் ஏரி 1920-களிலிருந்து தியாகராய நகராயிற்று. நுங்கம்பாக்கம் ஏரியில் 1976-இல் வள்ளுவர் கோட்டம் எழுந்தது. விமான நிலையத்தின் இரண்டாம் ஓடுபாதை அடையாற்றுக்கு மேலேயே பாலமிட்டுச் செல்கின்றது. அவற்றை ஆக்கிரமிப்பு என்று யாரும் சொல்வதில்லை. ஏட்டில் வகைப்பாடு மாற்றப்பட்டிருக்கும். ஆற்றுப் புறம்போக்கில் குடிசை கட்டியவனுக்கு வகைப்பாடு மாற்றித் தருவார் இல்லை. தலைமைக் கணக்குத் தணிக்கையாளரின் அறிக்கையே அவ்வெள்ளத்தில் மனிதர் பிழை உண்டென்று கூறிற்று.

ஏட்டைப் படித்தல்

பரம்பரைக் கிராம அதிகாரி முறை 1980-இல் நீங்கியது. கணக்குப்பிள்ளை வீட்டு மரப்பெட்டியில் கிடந்த ஏடுகள் பொது ஏடுகளாயின. இன்று பட்டா, சிட்டா, அ-பதிவேடு, புலப்படம் ஆகியவற்றைக் கணினியில் எவரும் காணலாம். பழைய நிலவரித்திட்டப் பதிவேடுகளை எழும்பூர் ஆவணக் காப்பகத்தில் விண்ணப்பித்துப் பார்க்கலாம். 2005-ஆம் ஆண்டுத் தகவல் உரிமைச் சட்டத்தின்படி வட்டாட்சியரிடம் எழுதியும் கேட்கலாம். பட்டதாரியாகிய நம் இளைஞர் வேலைவாய்ப்புத் தேர்வுக்குப் படிக்கும் நேரத்தில் ஒரு பங்கை இதற்குச் செலவிடுதல் நன்று.

அ-பதிவேட்டில் நோக்க வேண்டியவை புல எண், உட்பிரிவு, நிலத்தின் வகை, அடையாளக் குறிப்பு ஆகியன. 'நத்தம்' என்றால் குடியிருப்பு. 'புறம்போக்கு' என்றால் எந்தப் புறம்போக்கு என்று மேலும் கேட்க வேண்டும்: ஆறு, ஏரி, மயானம், மேய்ச்சல் என அது பலவகை. 'டி.சி.' என்னும் ஈரெழுத்துக் கண்டால் அங்கேயே நிற்க வேண்டும். பஞ்சமி நிலத்தை அப்படிக் குறிப்பர். இன்றைய ஏட்டில் அக்குறிப்பு இல்லையென்றால் பழைய ஏட்டோடு ஒப்பிட்டு, எந்த ஆண்டில் மறைந்தது என்று காண வேண்டும். பழைய படங்களில் அளவுகள் சங்கிலியிலும் லிங்கிலும் இருக்கும். ஒரு சங்கிலி 66 அடி. அதில் 100 லிங்கு. பத்துச் சதுரச் சங்கிலி ஓர் ஏக்கர். மூன்று புல எல்லைகள் கூடும் இடத்தில் முச்சந்திக் கல் என ஒரு கல் நட்டிருப்பர். கட்டடங்களுக்கிடையே அவற்றுட் சில இன்றும் மண்ணுக்கு மேல் தலை காட்டி நிற்கின்றன.