அருந்ததி (விண்மீன்)

அருந்ததி, சப்தரிஷி மண்டலத்தில் வசிட்டரை ஒட்டி மங்கலாகத் தெரியும் வெண்ணிற விண்மீன். மேலை வானியலில் ஆல்கர் எனப்படும் இது, விண்மீன் பட்டியல்களில் 80 பெருங்கரடி என்றும் எச்டி 116842 என்றும் குறிக்கப்படுகிறது. இதன் தோற்றப் பொலிவெண் 4.0, வசிட்டருடையது (மிசார்) ஏறத்தாழ 2.0. பொலிவெண் கூடினால் ஒளி குறைவு என்பது கணக்கு. எனவே வசிட்டரிடமிருந்து வரும் ஒளியில் ஆறில் ஒரு பங்குதான் அருந்ததியிடமிருந்து நம்மை எட்டுகிறது. இரண்டுக்கும் இடையே வானில் 12 கலை இடைவெளி உண்டு. இது முழுநிலவின் குறுக்களவில் ஐந்தில் இரண்டு பங்கு.

தமிழ் இலக்கியத்தில் இதற்கு வடமீன் என்று பெயர். புறநானூற்றின் 122ஆம் பாடலில் கபிலர், மலையமான் திருமுடிக்காரியின் மனைவியது கற்புக்கு இம்மீனை உவமையாக்குகிறார். சிலப்பதிகாரத்தின் மங்கல வாழ்த்துப் பாடலில் கண்ணகியைப் புகழவும் இதுவே வருகிறது. அம்மி மிதித்து அருந்ததி பார்க்கும் திருமணச் சடங்கு இன்றும் நடக்கிறது. முகூர்த்தம் பெரும்பாலும் பகலில் அமைவதால் மணமக்கள் திசையை மட்டுமே பார்க்கிறார்கள். மீனையே காண விரும்பினால் வைகாசி மாதத்து முன்னிரவே ஏற்றது. அப்போது இரவு ஒன்பது மணியளவில் அது வடக்கில், சென்னையிலிருந்து பார்த்தால் தொடுவானுக்கு மேல் சுமார் 48 பாகை உயரத்தில் நிற்கும். தை மாதத்து முன்னிரவில் அது இன்னும் எழுந்திருக்காது.

மங்கலான மீனைக் காட்ட, முதலில் பக்கத்திலுள்ள பெரிய மீனைக் காட்டி, பார்வை அதில் நிலைத்தபின் சிறியதற்கு நகர்த்துவது வழக்கம். நுண்பொருளைப் படிப்படியாக உணர்த்தும் முறைக்கு வேதாந்திகள் வைத்த ‘ஸ்தூலாருந்ததி நியாயம்’ என்னும் பெயர் இந்த வழக்கத்திலிருந்தே பிறந்தது. வானியல் பயிற்றுவிப்போர் இன்றும் கைக்கொள்ளத்தக்க முறை இது.

அரேபியர் இதை சுஹா என்றழைத்து, கண்பார்வையைச் சோதிக்கப் பயன்படுத்தினர். தான் சுஹாவைக் காட்ட, எதிரிலிருப்பவன் நிலவைக் காட்டுகிறான் என்ற பொருளில் அவர்களிடம் ஒரு பழமொழி உண்டு. பழங்காலத்தில் இது கடினமான சோதனையாக இருந்ததால் அன்று இம்மீன் இன்னும் மங்கியிருக்க வேண்டும் எனச் சிலர் எழுதியுள்ளனர். அதை ஏற்பதற்கில்லை. இத்தகைய மீன் சில நூற்றாண்டுகளில் கண்ணுக்குத் தெரியும் அளவு மாறுவதில்லை. 12 கலை இடைவெளியைப் பிரித்தறிவது நல்ல கண்ணுக்கு எளிது. பெரிய ஒளிக்கருகே சிறிய ஒளியை உணர்வதுதான் கடினம்.

தொலைநோக்கி வந்தபின் ஐரோப்பியர் கவனம் வசிட்டர்மேல் சென்றது. 1617இல் பெனெதெத்தோ கஸ்தெல்லி அதைப் பார்க்குமாறு கலிலியோவைத் தூண்டினார். அதுவே இரட்டை மீன் எனத் தெரிந்தது. 1722இல் ஜெர்மனியின் கீசன் நகரில் யோஹான் லீப்னெக்ட், வசிட்டருக்கும் அருந்ததிக்கும் நடுவே மங்கலான புள்ளி ஒன்றைக் கண்டு, புதிய கோள் என்று நம்பி, தம் நாட்டு ஆளும் குடும்பத்து லூட்விக் என்ற பெயரை அதற்குச் சூட்டினார். அது கோளன்று, வெகு தொலைவில் பின்னணியில் இருக்கும், வெறுங்கண்ணுக்கு எட்டாத விண்மீன். 1857இல் ஹார்வர்டு வானாய்வகத்தில் ஜார்ஜ் பாண்ட் இந்தப் பகுதியைப் புகைப்படம் எடுத்தார். 1889இல் வசிட்டரின் முதல் உறுப்பும் தன்னளவில் ஓர் இரட்டை என்று நிறமாலைக் கோடுகள் பிளவுபடுவதைக் கொண்டு எட்வர்ட் பிக்கரிங் அறிவித்தார். அந்த ஆய்வில் அன்டோனியா மோரியின் உழைப்பு பெரிது. அவர் பெயரை விட்டுவிட்டு இவ்வரலாற்றைச் சொல்வது முறையாகாது.

அருந்ததி ஏ5 நிறமாலை வகையைச் சேர்ந்த முதன்மைத் தொடர் விண்மீன். கருவில் ஹைட்ரஜனை ஹீலியமாக மாற்றி ஒளிர்கிறது. எரிபொருள் தீர்ந்து சுருங்கிப்போன வெண்குறுமீனோடு இதைக் குழப்பிக்கொள்ளலாகாது. நிறை சூரியனைப்போல் ஏறத்தாழ 1.8 மடங்கு, மேற்பரப்பு வெப்பநிலை சுமார் 8,000 கெல்வின், ஒளிர்திறன் பதின்மூன்று, பதினான்கு மடங்கு. நிறை இரு மடங்குகூட இல்லாதபோது ஒளி இத்தனை கூடுவதற்குக் காரணம், கருவின் வெப்பம் ஏற ஏற அணுப்பிணைவின் வேகம் கடுமையாக உயர்வதே. இதனால் எரிபொருளும் விரைவில் தீரும். சூரியன் மொத்தத்தில் சுமார் ஆயிரம் கோடி ஆண்டுகள் முதன்மைத் தொடரில் நிற்க, அருந்ததிக்குக் கிடைப்பது இருநூறு கோடிக்கும் குறைவு.

இது மிக வேகமாகத் தற்சுழல்வது. நம் பார்வைக் கோட்டில் அளந்த வேகமே நொடிக்கு 200 கிலோமீட்டருக்கு மேல். சூரியனின் நடுக்கோட்டு வேகம் நொடிக்கு 2 கிலோமீட்டர்தான். இந்தச் சுழற்சியால் நிறமாலைக் கோடுகள் அகன்று தெரிகின்றன. மங்கல் என்பது தொலைவினால் வந்த பெயர். அருந்ததி நம்மிலிருந்து சுமார் 82 ஒளியாண்டு தூரத்தில் உள்ளது. சூரியனை அங்கே கொண்டுபோய் வைத்தால் அதன் பொலிவெண் 6.8 ஆகி, வெறுங்கண்ணுக்குத் தெரியாமலே போகும்.

சப்தரிஷிகளில் இரு முனைகளிலும் உள்ள கிரதுவும் மரீசியும் நீங்கலாக ஏனைய ஐவரும் அருந்ததியும் விண்வெளியில் ஒரே திசையில் ஒன்றாகப் பயணம் செய்கின்றனர். இதை 1869இல் ரிச்சர்ட் பிராக்டர் கண்டறிந்தார். ஒரே முகிலில் பிறந்த இக்கூட்டத்தின் வயது சுமார் 40 முதல் 50 கோடி ஆண்டுகள். அருந்ததியும் வசிட்டரும் வெறும் வழித்துணைகள் அல்லர்; ஈர்ப்பினால் பிணைந்தவர்கள். இருவருக்கும் இடையே உள்ள தூரம் குறைந்தது 17,000 வானியல் அலகுகள். ஒன்றையொன்று சுற்றிவரும் காலம் பல லட்சம் ஆண்டுகள். ஆதலால் அச்சுற்று கண்ணில் பட்டு முன்னோர் அறிந்தனர் என்று பரப்பப்படும் செய்தி பொருந்தாது.

2009இல் அமெரிக்காவின் இரு குழுக்கள் தனித்தனியே, அருந்ததிக்கு ஒரு விகலை அருகில் செங்குறுமீன் ஒன்றைக் கண்டன. இதன் நிறை சூரியனில் கால் பங்கை ஒட்டியது. ஏ வகை மீன்களிடம் எதிர்பாராத எக்ஸ் கதிர்கள் அருந்ததியின் திசையிலிருந்து வந்ததற்கு இதனால் விளக்கம் கிடைத்தது. நான்கு மீன்களாலான வசிட்டரோடு சேர்த்தால் குடும்பத்தில் ஆறு உறுப்பினர். ஆல்கர் என்ற பெயரைப் பன்னாட்டு வானியல் ஒன்றியம் 2016இல் முறைப்படி ஏற்றது.