சுனையில் விளைந்த தேறல்

கனிச்சாற்றைப் புளிக்கவைத்து மதுவாக்கும் கலையை மேனாட்டாரே நமக்குக் கற்றுத் தந்தனர் என்று எண்ணுவோர் உளர். அவர்கள் கபிலரின் குறிஞ்சிப்பாட்டைப் புரட்டிப் பார்க்கட்டும். மலைச் சுனையில் மாங்கனி உதிர்கிறது, தேன் கலக்கிறது, பலாப்பழம் நெகிழ்ந்து வீழ்கிறது. யாவும் கூடிப் புளித்துத் தேறலாகின்றன. அதனை நீரென்று பருகிய மயில், கயிற்றின்மேல் நடக்கும் ஆடுமகளைப் போலத் தளர்கிறது! தேவரும் இல்லை, அமுதமும் இல்லை. கனியும் காலமுமே அங்கு வேலை செய்தன. அவ்வேலையைச் செய்வது கண்ணுக்குத் தெரியாத நுண்ணுயிர் என்று பாஸ்டர் மெய்ப்பித்தது 19ஆம் நூற்றாண்டில்.

சுனையில் தானே நிகழ்ந்ததை வீட்டிலே செய்தும் காட்டினர் நம் முன்னோர். ஆரணி அமைந்துள்ள தொண்டை நாட்டை ஆண்ட இளந்திரையனைப் பாடுவது பெரும்பாணாற்றுப்படை. அதில் உருத்திரங்கண்ணனார் செய்முறையையே சொல்லிவிடுகிறார். குற்றாத அரிசியைக் களியாகத் துழாவி, அகன்ற கலத்தில் ஆற்றி, முளைத்த நெல்லை இடித்துக் கலந்து, இரண்டு பகலும் இரண்டு இரவும் விட்டு, பின் சாடியிலே முற்ற வைத்துக் கையால் பிழிந்தெடுப்பராம். அரிசியின் மாவை இனிப்பாக மாற்றும் ஆற்றல் நெல்முளைக்கு உண்டு என்பதை இன்றைய வேதியியலும் ஒப்புகிறது. கள் சமைக்கும் மகளிர் கலம் கழுவி ஊற்றிய நீர் தேங்கிய சேற்றைக்கூட அப்புலவர் விட்டுவைக்கவில்லை! ஆரணிக்குத் தென்மேற்கே, நன்னன் ஆண்ட செங்கத்து மலைகளைப் பாடும் மலைபடுகடாமோ, மூங்கிற் குழாயில் முதிர்ந்த தேன் தேறலைக் கூறுகிறது. அதியமானும் அவ்வையும் பகிர்ந்து பருகினர். இழிவென்று எவரும் முகம் சுளித்ததாகப் பாட்டில்லை.

மறுப்பும் இம்மண்ணிலேயே எழுந்தது. ஆரணிக்குத் தெற்கே போளூருக்கு அருகிலுள்ள திருமலை, சமணர் வாழ்ந்த குன்று. குந்தவையின் பெயரால் அமைந்த ஜினாலயமும், இராசேந்திரனின் கங்கை வெற்றியைக் கூறும் கல்வெட்டும் அங்கே உள்ளன. கள், ஊன், தேன் மூன்றையும் விலக்குவது சமண இல்லறத்தார்க்கு அடிப்படை அறம். வள்ளுவரும் கள்ளுண்ணாமைக்கு ஓர் அதிகாரமே வகுத்தார். அவர்கள் அறிவை நோக்கிப் பேசினர்; தடியை எடுக்கவில்லை. அந்த மறுப்பை நாம் மதிக்கிறோம்.

மதிக்க முடியாதது வேறொன்று. கள்ளை இறக்கியவன் இழிந்தவன். வாங்கிக் குடித்தவன் மேலோன்! இது எந்த அறநூலின் நீதி? 1897இல் கமுதிக் கோயிலுக்குள் நுழைந்த நாடார் பெருமக்கள் மீது வழக்குத் தொடரப்பட்டது. பனையேறும் குலம் என்பதே அவர்கள் மீது சுமத்தப்பட்ட பழி. 1908இல் இலண்டன் பிரிவி கவுன்சிலும் அவர்களுக்கு எதிராகவே தீர்ப்பளித்தது. கடல் கடந்து சென்றும் சாதி தோற்கவில்லை!

வெள்ளையருக்குச் சாதியைவிட வரியே பெரிது. 1886ஆம் ஆண்டின் சென்னை ஆப்காரிச் சட்டத்தின்படி, உரிமம் பெறாமல் மது செய்வது குற்றம். வீட்டுச் சாடி அரசின் கருவூலத்துக்குப் போட்டியாகிவிட்டதல்லவா? உரிமம் பெற்றவரே விற்கலாம், ஏலம் எடுத்தவரே கடை வைக்கலாம் என்றாயிற்று. இராசகோபாலாச்சாரியாரின் அமைச்சரவை 1937இல் சேலம் மாவட்டத்தில் மதுவிலக்கைத் தொடங்கியது. 1948இல் அது மாகாணம் முழுதும் பரவியது. 1971இல் தளர்ந்தது, 1974இல் மீண்டும் இறுகியது. 1983இல் அரசே மொத்த வணிகத்திற்கு ஒரு கழகம் அமைத்தது. 2003இல் சில்லறைக் கடையும் அரசின் கைக்கு வந்தது.

குடியை நாம் வாழ்த்தவில்லை. குடியால் சிதைந்த குடும்பங்களை அறிவோம். 2024இல் கள்ளக்குறிச்சியில் மெத்தனால் கலந்த சாராயம் அறுபதுக்கும் மேற்பட்ட உயிர்களைக் குடித்ததையும் மறக்கவில்லை. எனினும் ஒரு கேள்வி எழுகிறது. உருத்திரங்கண்ணனார் கண்ட அந்த மகளிர் இன்று தம் வீட்டில் ஒரு சாடி பழமது வைத்தால், 1937ஆம் ஆண்டுச் சட்டம் அவர்களைச் சிறைக்கு அனுப்பும். அதே தெருமுனையில் அரசின் கடை திறந்திருக்கும்.