காமாட்டா வளர்த்த ஊமைப்படங்கள்

நாடகத் தொழிலில் ஊறிய இரட்டையர் ஷிராய் மாட்சுஜிரோவும் ஓட்டானி டகேஜிரோவும். கபுகி மேடைகளை நடத்தி வந்த அவர்களது ஷோச்சிக்கு நிறுவனம் 1920இல் படத்தொழிலில் இறங்கி, டோக்கியோவின் காமாட்டாவில் ஸ்டூடியோ எழுப்பியது. திரையிலும் ஆண்களே பெண் வேடம் கட்டிய காலம் அது. காமாட்டா பெண்களையே நடிக்க வைத்தது. 1921இல் அறிமுகமான குரிஷிமா சுமிகோ நாடறிந்த நட்சத்திரமானார். அதே ஆண்டில், நாடகாசிரியர் ஒசானாய் காவோருவின் வழிகாட்டுதலில் முராட்டா மினோரு ‘தெருவில் அலையும் ஆன்மாக்கள்’ படத்தை எடுத்தார். மனைவி மகளோடு பனியில் திரும்பிவரும் மகனைத் தந்தை ஏற்க மறுக்கும் கதை. ஜப்பானியத் திரையின் முதல் பெரும் முயற்சிகளுள் ஒன்று.

1923 செப்டம்பர் 1இல் டோக்கியோவை உலுக்கிய நிலநடுக்கத்தால் படப்பிடிப்பு கியோட்டோவுக்கு இடம்பெயர்ந்தது. ஆனாலும் காமாட்டா மீண்டது. 1924இல் பொறுப்பேற்ற கிடோ ஷிரோ, வாள்வீரர் கதைகளைவிடக் குமாஸ்தாக்கள், கடைக்காரர்கள், இல்லத்தரசிகள் ஆகியோரின் அன்றாடப் பாட்டையே பெரிதென மதித்தார். சிரிப்பும் கண்ணீரும் கலந்த அந்தப் பாணிக்குக் காமாட்டாவின் பெயரே நிலைத்தது.

பொருளாதார மந்தம் நாட்டை வாட்டியபோதுதான் அந்தப் பாணி முழுமை பெற்றது. இயக்குநர் ஓசு யாசுஜிரோவின் ‘டோக்கியோ கோரஸ்’ (1931) படத்தில், வயதான சக ஊழியரை நீக்கியதைத் தட்டிக்கேட்ட குமாஸ்தாவுக்கே வேலை போகிறது. மறு ஆண்டு வந்த ‘பிறந்தேன், ஆனால்…’ இன்னும் கூர்மையானது. முதலாளி வீட்டில் திரையிடும் படத்தில் தங்கள் அப்பா கோமாளித்தனம் செய்து எல்லோரையும் சிரிக்கவைப்பதைச் சிறுவர்கள் இருவர் பார்க்கிறார்கள். அப்பா பெரிய ஆள் என்றுதான் அதுவரை நம்பியிருந்தார்கள். வீட்டில் சண்டை, மறுநாள் காலை இருவரும் சாப்பிட மறுக்கிறார்கள். சம்பளத்துக்கு வளைந்த முதுகைக் காட்ட ஒரு வீட்டுப் படச்சுருள் போதுமாயிருந்தது! 1932, 33, 34 என மூன்று ஆண்டுகள் தொடர்ந்து ‘கினேமா ஜும்போ’ திரைப்பட இதழின் ஆண்டுத் தரவரிசையில் முதலிடம் ஓசுவுக்கே. மற்றோர் இயக்குநரான நாருசே மிகியோவோ ‘இரவுதோறும் கனவுகள்’ (1933) படத்தில், மதுக்கடையில் வேலைசெய்து மகனை வளர்க்கும் தாயைக் காட்டினார்.

ஜப்பானின் முதல் முழுநீளப் பேசும்படமும் 1931இல் காமாட்டாவில்தான் பிறந்தது. இயக்கியவர் கோஷோ ஹெய்னோசுகே. திரையருகே நின்று கதை சொன்ன பென்ஷிகளின் பிழைப்பு அதன்பின் தேய்ந்தது. சுற்றியிருந்த தொழிற்சாலைகளின் இரைச்சல் ஒலிப்பதிவுக்கு இடையூறானதால், 1936இல் ஸ்டூடியோ ஓஃபுனாவுக்குக் குடிபெயர்ந்தது. ஓசு மட்டும் பேசும்படத்துக்கு உடனே மாறாமல், தம் ஒளிப்பதிவாளர் உருவாக்கிவந்த ஒலிப்பதிவு முறைக்காகக் காத்திருந்து, அவருக்குக் கொடுத்த வாக்கைக் காப்பாற்றினார். பட்டு ஆலையில் உழைத்து மகனைப் படிக்கவைத்த தாயின் கதையான ‘ஒரே மகன்’, அந்த முறையில் அதே 1936இல் வெளிவந்தது.