தீர்ந்த வழக்கும் தீராத வினாவும்

ஊவா மலைச்சரிவில் அமைந்த பூனாகலை போன்ற தோட்டங்களிலே, கொழுந்து பறிக்கும் குடும்பமொன்றின் பிள்ளை ஆசிரியராகவோ எழுதுவினைஞராகவோ அரச நியமனம் பெறுவது அக்குடும்பத்தின் நிலையையே மாற்றவல்லது. ஆதலின், நியமனம் பற்றிய பிணக்கு எங்கே, யாரால் முடித்துவைக்கப்படுகின்றது என்னும் வினா சட்ட அறிஞருக்கு மட்டும் உரியதன்று. அதனை வரலாற்று நோக்கில் ஆராய முற்படுகின்றோம்.

ஒருமுறை விசாரித்துத் தீர்க்கப்பட்ட பிணக்கை அதே தரப்பினர் மீண்டும் கிளப்பலாகாது என்பது பழைய நீதிநெறி. 1889 ஆம் ஆண்டின் குடியியல் நடவடிக்கைமுறைச் சட்டக்கோவையும், மேன்முறையீட்டுக்கு அமைய, தீர்ப்பாணை தரப்பினரிடையே இறுதியானது என விதித்தது. இவ்விதி எளியோருக்கும் அரணாகும். அரசாங்கம் மாறுந்தோறும் பழைய நியமனங்கள் கிளறப்படுமாயின், முதல் பாதிப்பு செல்வாக்கற்றவரையே சேரும். ஆயினும் விசாரித்து முடிப்பது ஒன்று, விசாரியாது கதவடைப்பது வேறொன்று. இவ்வேறுபாட்டை இரு வழக்குகள் புலப்படுத்துகின்றன.

முதலாவது மலையகத் தமிழரின் வழக்கு. 1948 ஆம் ஆண்டின் பிரசாவுரிமைச் சட்டமும் 1949 ஆம் ஆண்டின் தேர்தல் திருத்தச் சட்டமும் தோட்டத் தொழிலாளரிற் பெரும்பாலாரை வாக்காளர் இடாப்பிலிருந்து நீக்கின. ருவான்வெல்லைத் தொகுதியில் தம் பெயரைப் பதியக் கோரிய கோடக்கன்பிள்ளையின் வழக்கு பிரிவி கவுன்சில் வரை சென்று, 1953 இல் தோல்வியுற்றது. சோல்பரி அரசியலமைப்பின் 29 ஆவது பிரிவு சிறுபான்மையினருக்கு அளித்த காப்பை அச்சட்டங்கள் மீறவில்லை என முடிவாயிற்று. தீர்ப்பு கசப்பானதேனும், வாதம் கேட்கப்பட்டது. பிரசாவுரிமை அற்றோருக்கு அரச சேவையின் வாயிலும் அடைபட்டிருந்தமையால், பூனாகலையின் இளைஞருக்கு நியமனப் பிணக்கு என்று ஒன்று எழவே இடமிருக்கவில்லை. இந்நிலையை மாற்றியது மறுவழக்கன்று. நெடிய அரசியற் போராட்டமும், 1988, 2003 ஆம் ஆண்டுகளிற் பிறந்த சட்டங்களுமே.

இரண்டாவது எழுதுவினைஞர் கோடீஸ்வரனின் வழக்கு. 1956 ஆம் ஆண்டின் அரசகரும மொழிச் சட்டத்தைத் தொடர்ந்து விதிக்கப்பட்ட சிங்களத் தேர்ச்சிப் பரீட்சைக்கு அவர் தோற்றாமையால், 1962 இல் அவரது சம்பள ஏற்றம் நிறுத்தப்பட்டது. 1964 இல் கொழும்பு மாவட்ட நீதிமன்றம் அம்மொழிச் சட்டம் 29 ஆவது பிரிவுக்கு முரணானது எனத் தீர்த்தது. 1967 இல் உயர் நீதிமன்றம் மொழிவினாவைத் தொடாமலே, அரச ஊழியர் சம்பளத்துக்காக முடியின்மீது வழக்கிட உரிமையற்றவர் எனக் கூறி அத்தீர்ப்பை நீக்கியது. 1969 இல் பிரிவி கவுன்சில் அவ்வுரிமை உண்டு என நிறுவி, அரசியலமைப்பு வினாவைத் தீர்க்குமாறு வழக்கை உயர் நீதிமன்றத்துக்கே திருப்பியது.

அவ்வினாவுக்கு விடை கிடைக்கவேயில்லை. 1971 இல் பிரிவி கவுன்சிலுக்கான மேன்முறையீடு ஒழிக்கப்பட்டது. 1972 ஆம் ஆண்டின் அரசியலமைப்பில் 29 ஆவது பிரிவு இடம்பெறவில்லை. அவ்வரசியலமைப்பு நியமனம், இடமாற்றம், பதவி நீக்கம், ஒழுக்காற்று என்பவற்றை அமைச்சரவையிடம் ஒப்படைத்து, அவைபற்றிய முடிவுகளை நீதிமன்றம் வினவலாகாது எனவும் தடுத்தது. பிணக்கு தீர்ந்தது எனலாமோ? அதனைக் கேட்கும் இடமே அகற்றப்பட்டது என்பதே எமது துணிபு.

1978 ஆம் ஆண்டின் அரசியலமைப்பு அத்தடையைத் தொடர்ந்தும், அடிப்படை உரிமை மீறலுக்காக உயர் நீதிமன்றத்தை ஒரு மாதத்துள் நாடும் வழியைத் திறந்தது. 2001 ஆம் ஆண்டின் 17 ஆவது திருத்தம் நிருவாக மேன்முறையீட்டு நியாயசபைக்கு வழிவகுத்தது. இவை முன்னேற்றங்களே. ஆயினும், மலைத்தோட்டத்தில் வாழ்பவர் தமது மொழியில் ஆலோசனை பெற்று, கொழும்புவரை சென்று முறையிட ஒரு மாதம் எம்மட்டுக்குப் போதும் என்பதையும் சிந்தித்தல் வேண்டும்.

எனவே, முடிந்த வழக்கைக் கிளறலாகாது என்னும் விதியை நாம் மறுக்கவில்லை. முறைப்பாட்டாளரின் குரல் ஒருமுறையேனும் முழுமையாகக் கேட்கப்பட்டிருத்தல் வேண்டும் என்பதே அவ்விதி நியாயம் பெறுதற்கான நிபந்தனை. அந்நிபந்தனை நிறைவேறாத இடத்து வழக்கேடு மூடப்படலாம். வரலாறு அதனை மூடவேண்டியதில்லை.