விஞ்சையர்

விஞ்சையர் அல்லது வித்தியாதரர் என்போர், வான்வழியே இயங்கவும் வேற்றுரு எடுக்கவும் வல்லவர்களாக இந்திய இலக்கியங்களில் கூறப்படும் கற்பனை இனத்தவர் ஆவர். பதினெண் கணத்தவருள் இவர்களும் எண்ணப்படுவர். தமிழில் இவர்களைப் பற்றிய விரிவான செய்திகள் சிலப்பதிகாரம், மணிமேகலை, சீவக சிந்தாமணி ஆகிய காப்பியங்களில் உள்ளன. முதலிரண்டு நூல்களிலும் இவர்கள் வந்திறங்கும் ஊர், காவிரி கடலோடு கலக்குமிடத்தில் இருந்த புகார் (காவிரிப்பூம்பட்டினம்) ஆகும். முன்னாளில் தஞ்சாவூர் மாவட்டத்தில் இருந்த இவ்வூர், 2020 இல் உருவாக்கப்பட்ட மயிலாடுதுறை மாவட்டத்தில் அமைந்துள்ளது.

பெயரும் இயல்பும்

விஞ்சை என்பது வித்தியா என்னும் வடசொல்லின் திரிபு. கல்வி, மந்திரம் என்னும் இரு பொருளும் இதற்கு உண்டு. விஞ்சையரைத் தேவர்களிடமிருந்து வேறுபடுத்துவது இப்பெயரே எனலாம். தேவர்களுக்குப் பிறப்பிலேயே வாய்க்கும் ஆற்றல், விஞ்சையருக்கு மந்திரத்தால் வாய்க்கிறது. ஆகவே அதனை இழக்கவும் கூடும். சமண மரபு இவர்களை மலைவாழ் மனிதராகவே கொள்கிறது. இவர்களது இருப்பிடம் வடக்கிலுள்ள வெள்ளிமலை என்றும், நகர் சேடி என்றும் தமிழ் நூல்கள் கூறும். சிற்பங்களிலும் இவர்களுக்குப் பெரும்பாலும் சிறகுகள் காட்டப்படுவதில்லை. மடங்கிய கால்களும் சாய்ந்த உடலுமே பறத்தலை உணர்த்துகின்றன.

சிலப்பதிகாரத்தில்

கடலாடு காதையில், வெள்ளிமலையில் காமவேளுக்கு விழா எடுக்கும் விஞ்சையன் ஒருவன், புகாரில் இந்திர விழா நடப்பதைத் தன் காதலிக்குக் கூறி அவளை அழைத்து வருகிறான். வழியில் இமயம், கங்கை, உஞ்சை நகர், விந்திய மலைக்காடு, வேங்கடம், விளைச்சல் மிக்க காவிரி நாடு ஆகியவற்றை வரிசையாகக் காட்டி, மாதவியின் பதினோராடலையும் காணச் செய்கிறான். தமிழ் இலக்கியத்தில் வானிலிருந்து நிலத்தைக் காட்டும் பகுதிகளுள் இது குறிப்பிடத்தக்கது.

காயசண்டிகையும் காஞ்சனனும்

சீத்தலைச் சாத்தனார் இயற்றிய மணிமேகலையில் இவ்வினத்தவரின் மற்றொரு பக்கம் காணப்படுகிறது. வடதிசையிலிருந்து காஞ்சனன் என்னும் விஞ்சையனும் அவன் மனைவி காயசண்டிகையும் பொதியில் மலைக்கு வருகின்றனர். அங்கே ஆற்று மணலில், தேக்கிலையில் வைக்கப்பட்டிருந்த நாவற்கனி ஒன்றைக் காயசண்டிகை காலால் சிதைத்துவிடுகிறாள். அது பன்னிரண்டு ஆண்டுகளுக்கு ஒருமுறை மட்டுமே பழுப்பது. அத்தனை ஆண்டுகளும் நோன்பிருந்த விருச்சிக முனிவனின் உணவு அதுவே. அவன், அடுத்த கனியைத் தான் உண்ணும் நாள்வரை அவள் வானில் இயங்கும் மந்திரத்தை மறந்து, யானைத்தீ என்னும் தீராப் பசியால் வருந்துமாறு சபிக்கிறான்.

காஞ்சனன் தேடிக் கொணர்ந்த கனிகளும் கிழங்குகளும் அப்பசியைத் தணிக்கவில்லை. ஆதரவற்றோரைப் பேணும் செல்வர் வாழும் ஊர் என்று புகாரைக் கூறி, எத்தனை நாளானாலும் நடந்தே அங்குச் செல்லுமாறு அவன் சொல்கிறான். நெடுந்தொலைவை வான்வழியே கடந்து வந்தவள் நிலத்தில் கால்நடையாகச் செல்ல நேர்கிறது. அதன்பின் ஆண்டுதோறும் இந்திர விழாவின்போது காஞ்சனன் புகாருக்கு வந்து, அவள் பசியைக் கண்டு இரங்கி, எஞ்சிய ஆண்டுகளை எண்ணியபடி திரும்புகிறான். எந்தத் தொலைவையும் கடக்க வல்லவனால் காலத்தை ஓராண்டுகூடக் குறைக்க முடியவில்லை.

மணிமேகலை அமுதசுரபியிலிருந்து இட்ட ஒருபிடி உணவால் காயசண்டிகையின் பசி தீர்கிறது. அவள் வான்வழியே ஊர் திரும்புகிறாள். பன்னிரண்டு ஆண்டுகள் முடிந்தும் மனைவி வந்து சேராததால் காஞ்சனன் தேடிவருகிறான். அவ்வேளையில், சோழ இளவரசன் உதயகுமரனிடமிருந்து தப்புவதற்காக மணிமேகலை காயசண்டிகையின் உருவை எடுத்திருந்தாள். அவள் தன்னைப் பொருட்படுத்தாமல் உதயகுமரனோடு பேசியதைக் கண்டு ஐயுற்ற காஞ்சனன், நள்ளிரவில் அவளை நாடி வந்த இளவரசனை வாளால் வெட்டிக் கொல்கிறான்.

கந்திற்பாவை என்னும் தூணிலுள்ள தெய்வப்பாவை அவனைத் தடுத்து உண்மையை உரைக்கிறது. விந்திய மலையைக் காக்கும் விந்தாகடிகை என்னும் தெய்வம், தன் மலைக்கு நேர்மேலே பறப்போரை நிழலைப் பற்றி இழுத்து வயிற்றில் அடக்கிக்கொள்ளும் என்பதால், வானத்தில் செல்வோர் அம்மலைக்கு மேலாகச் செல்வதில்லை. அவ்வழியே சென்ற காயசண்டிகை அத்தெய்வத்தின் வயிற்றில் அடங்கிவிட்டாள். நிழலைப் பற்றி இழுக்கும் இக்கருத்து, இராமாயணத்தில் அனுமனைத் தடுக்கும் சிம்மிகையின் கதையிலும் உண்டு. கம்பர் அவளை அங்காரதாரை என்பார். உதயகுமரனின் சாவுக்கு அவனது முன்வினை காரணம் என்றாலும், கொன்ற வினை காஞ்சனனையும் தொடரும் எனப் பாவை கூறுகிறது. வினைக்கொள்கையை விளக்கவே சாத்தனார் இக்கிளைக்கதையை அமைத்தார் எனலாம். ஆயினும் ஆண்டுகளை எண்ணிக் காத்திருந்த கணவனே படிப்பவர் மனத்தில் நிற்கிறான்.

பிற நூல்களில்

சீவக சிந்தாமணியில் வரும் காந்தருவதத்தை, விஞ்சை வேந்தன் கலுழவேகனின் மகள். வணிகன் சீதத்தனை வெள்ளிமலைக்கு அழைத்துவர, அவனது மரக்கலம் கவிழ்ந்ததுபோல் தரன் என்னும் விஞ்சையன் மாயத்தால் தோற்றுவிக்கிறான். வடமொழியில் ஹர்ஷரின் நாகானந்தம், சோமதேவரின் கதாசரித்சாகரம் ஆகியவை வித்தியாதரரை முதன்மையாகக் கொண்டவை.

பதிப்பு

இம்மூன்று தமிழ்க் காப்பியங்களையும் உ. வே. சாமிநாதையர் கும்பகோணம் அரசினர் கல்லூரியில் ஆசிரியராக இருந்த காலத்தில் பதிப்பித்தார். சீவக சிந்தாமணி 1887 இலும், சிலப்பதிகாரம் 1892 இலும், மணிமேகலை 1898 இலும் வெளிவந்தன.